உன் நைனா உயிரோடு இருக்கிறார்

மகனுக்கு,

இங்கே நானும் உன் நைனாவும் உயிரோடு இருக்கிறோம். எல்லோரும் சுகம் என்று எழுதித் தொடங்குவதுதான் வழக்கம். ஆனால் நீ தண்டலத்தில் பெண் வீட்டாரிடம் வேறு மாதிரி சொல்லி வைத்திருப்பதால் முதலில் இதை எழுதிவிடுகிறேன். அவர் இப்போது நடுவீட்டில் பாயில் படுத்திருக்கிறார். வலது கணுக்காலில் மருந்து வைத்துத் துணி சுற்றியிருக்கிறது. நான் பால்வாடிக்கு லீவு சொல்லிவிட்டு, அவர் தலைமாட்டில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். நேரில் பேசலாம் என்றால் நீ நின்று கேட்பவன் இல்லை. வாயைத் திறந்தால் ஷிஃப்டு, ஓ.டி., சூப்பர்வைசர் மீட்டிங் என்று சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிடுவாய். காகிதத்திடம் அப்படி ஓட முடியாது. கவரை நான் ஒட்டவில்லை. உன் ரூமில் கூட இருக்கிற பையன்களும் வேண்டுமானால் படிக்கட்டும். மூடி மூடி வைத்துத்தான் நம் வீடு இந்த லட்சணத்தில் இருக்கிறது.

போன ஞாயிற்றுக்கிழமை நடந்ததிலிருந்து சொல்கிறேன். ஸ்டெல்லா வீட்டார் போகும் கோயிலில் உங்களுக்கு முதல் ஓலை வாசிக்கிறார்கள், மாப்பிள்ளையின் அம்மா வந்து உட்கார்ந்தால் மரியாதையாக இருக்கும் என்று நீதான் கூப்பிட்டாய். நானும் பெருமையாகத்தான் கிளம்பினேன். கல்யாணத்துக்கு முன்னால் பூசையில் பெண், மாப்பிள்ளை பெயரையும் தாய் தகப்பன் பெயரையும் சபைக்கு வாசித்துக் காட்டி, ஏதாவது தடை தெரிந்தால் சொல்லுங்கள் என்று சாமியார் கேட்பதை எத்தனையோ பேருக்குக் கேட்டிருக்கிறேன். என் பிள்ளைக்குக் கேட்கப் போகிறேன் என்று ராத்திரியெல்லாம் தூக்கம் பிடிக்கவில்லை. காலையில் தலையில் கனகாம்பரம் வைத்துக்கொண்டு நின்றவளைப் பார்த்து நீ என்ன சொன்னாய்? "பூ வாணாம்மா. அவங்க வூட்ல பொண்ணோட சித்தி செத்துப்போய் ஒரு மாசம்தான் ஆவுது. யாரும் பூ வெக்கறதில்ல." சரி, துக்க வீடு, நியாயம்தான் என்று எடுத்துக் கட்டிலில் வைத்தேன். ஒரகடத்தில் பஸ் மாறும்போது இன்னொன்று சொன்னாய். "தாலிய உள்ள போட்டுக்கம்மா. கூட்டத்துல அறுத்துகினு பூடுவானுங்க." பிள்ளைக்கு அம்மா மேல் எவ்வளவு அக்கறை என்று நினைத்துக்கொண்டே தாலியை ரவிக்கைக்குள் தள்ளிக்கொண்டேன். இப்போது அதை நினைத்தால் என் கையை நானே வெட்டிப்போடலாம் போல் இருக்கிறது.

கோயிலில் என்னை முதல் வரிசையில் உட்காரவைத்தார்கள். நீ இஸ்திரி போட்ட சட்டையோடு ஆண்கள் பக்கம் உட்கார்ந்திருந்தாய். பிரசங்கம் முடிந்தது. சாமியார் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தார். சேரப்பணஞ்சேரியைச் சேர்ந்த, காலஞ்சென்ற சவரிமுத்துவுக்கும் அவர் மனைவிக்கும் பிறந்த ஆரோக்கியதாஸ் என்று வாசித்தார். எனக்கு முதலில் வேறு யாரோ சவரிமுத்து என்றுதான் பட்டது. திரும்பி உன்னைப் பார்த்தேன். நீ பீடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாய். அப்போதுதான் தலையில் பூ இல்லாமல், கழுத்தில் தாலி தெரியாமல் நீ என்னை எதற்காகக் கூட்டிக்கொண்டு வந்தாய் என்று விளங்கியது. கட்டின புருஷன் உயிரோடு இருக்க, பெற்ற பிள்ளை என்னைத் தாலியறுத்தவளாகச் சோடித்து ஊர் முன்னால் உட்காரவைத்திருக்கிறாய். பூசை முடிந்ததும் ஸ்டெல்லாவின் அம்மா என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, "சம்மந்திம்மா, ஒண்டியா கஷ்டப்பட்டு இவ்ளோ நல்லா வளத்துகீறீங்க" என்று கண்கலங்கினார். அந்த நல்ல மனுஷியின் முகத்தைப் பார்த்து என்னால் ஒன்றும் சொல்ல முடியவில்லை. அதை நான் சம்மதித்தேன் என்று எடுத்துக்கொள்ளாதே.

பஸ் ஸ்டாண்டில் கேட்டேனே, நினைவிருக்கிறதா? "இன்னாடா பண்ணி வெச்சிருக்க?" என்றேன். "கத்தாதம்மா, ஆளுங்க பாக்கறாங்க" என்றாய். உனக்கு ஆட்கள் பார்ப்பதுதான் எப்போதும் கவலை. "ஏற்கெனவே ரெண்டு எடம் தட்டிப் போச்சும்மா. பைத்தியம் இருக்கற வூட்ல பொண்ணு குடுக்க மாட்டாங்க. செத்துட்டாருன்னு சொன்னா யாரும் மேல கேக்க மாட்டாங்க." கல்யாணம் பேச ஆரம்பித்த உடனே, நல்ல டாக்டர் வந்திருக்கிறார், பெரிய ஆஸ்பத்திரியில் சேர்க்கிறேன், கொஞ்ச நாள் யாரும் பார்க்க விடமாட்டார்கள் என்று சொல்லி நீ அவரைக் கூட்டிக்கொண்டு போனது அப்போதுதான் எனக்கு உறைத்தது. எந்த ஆஸ்பத்திரி என்று கேட்டேன். முழித்தாய். மறுபடி கேட்டேன். "ஆஸ்பத்திரி இல்லம்மா, செங்கல் சூளைக்கு அந்தாண்ட ஒரு ஜெபவீடு. நல்ல எடம். வேளைக்கு சோறு போட்றாங்க. கல்யாணம் முடிஞ்சதும் இட்டுகினு வந்துர்றேன்." செத்தவனை எப்படிடா இட்டுகினு வருவாய் என்று கேட்டேன். அந்த நேரம் பார்த்து உன் கம்பெனிப் பக்கம் போகிற பஸ் வந்தது, ஏறிவிட்டாய்.

பைத்தியம் என்கிறாயே, யார் பைத்தியம் என்று உனக்குச் சொல்கிறேன், கேள். அம்பத்தூரில் ஃபிட்டராக இருந்தவருக்குக் காதில் யாரோ திட்டுகிற மாதிரி கேட்க ஆரம்பித்தபோது நீ மூன்றாம் வகுப்பு. மெஷின் முன்னால் நின்று பதில் பேசினார் என்று கம்பெனியில் வேலையை விட்டு நிறுத்தினார்கள். கை நசுங்கியவனுக்கு லீவு கொடுத்தார்கள், காமாலை வந்தவனுக்கு லீவு கொடுத்தார்கள். மனசு நசுங்கியவனுக்கு மட்டும் கேட்டுக்கு வெளியே வழி காட்டினார்கள். அன்றைக்கு யாரும் நமக்காகப் பேசவில்லை. பட்டணத்து ஆஸ்பத்திரியில் மாத்திரை கொடுத்தார்கள். அதைச் சாப்பிட ஆரம்பித்த பிறகு காதில் சத்தம் அடங்கியது. கை நடுங்கும், நாக்கு வறளும், மத்தியானமே தூங்கி வழிவார். அப்படியும் ஒரகடம் கூட்டு ரோட்டில் காதர் பாய் சைக்கிள் கடையில் வேலைக்குப் போய், நடுங்குகிற கையோடு வீல் பெண்டு எடுத்துத்தான் உன்னை ஐ.டி.ஐ. படிக்கவைத்தார். நடுநடுவே உடம்பு மறுபடி மோசமாகும். அப்போது பேசிக்கொண்டே ரோட்டில் நடப்பார். ஒருநாளும் யாரையும் அடித்ததில்லை. அவரைத்தான் அடித்திருக்கிறார்கள்.

நீ ஒன்பதாவது படிக்கும்போது அவர் உனக்குச் சோற்று டப்பா கொண்டுவந்தார், ஞாபகம் இருக்கும். பையன்கள் கேட்டுக்கு வெளியே "லூசு, லூசு" என்று பின்னாலேயே வந்தார்கள். நீ டப்பாவை வாங்காமல் வகுப்புக்குள் போய்விட்டாய். அன்றைக்கு உன்னை நான் திட்டவில்லை. சின்னப் பையன், அவமானமாக இருந்திருக்கும் என்று விட்டுவிட்டேன். இப்போது உனக்கு மீசை முளைத்துவிட்டது, உனக்குக் கீழே ஒரு லைனே வேலை செய்கிறது. இன்னும் அந்த கேட்டிலேயே நின்றுகொண்டிருந்தால் நான் என்ன செய்வது? உன் பயமும் எனக்குத் தெரியும். உனக்கும் அது வந்துவிடுமோ என்று பயப்படுகிறாய். தூக்கம் வராத ராத்திரியெல்லாம் எழுந்து உட்கார்ந்துகொள்வாயே, நான் பார்த்திருக்கிறேன். அந்தப் பயத்தை ஒரு டாக்டரிடம் போய்க் கேட்டிருக்கலாம். என்னிடம் சொல்லியிருக்கலாம். பயம் வந்தால் பெற்றவனைப் பிடித்துப் புதைக்கச் சொல்லி யார் உனக்குச் சொன்னது?

திங்கட்கிழமை காலையில் நானும் காதர் பாயும் நீ சொன்ன அந்த நல்ல இடத்துக்குப் போனோம். செங்கல் சூளை தாண்டி முள்காட்டுக்குள் ஒரு நீளக் கொட்டகை. முன்பக்கம் சிலுவை, பாட்டு, மைக் செட்டு. பின்பக்கம் வரிசையாகச் சவுக்குக் கழி நட்டு, கழிக்கு ஒருவராகச் சங்கிலியில் மனுஷர்கள். ஆணும் பெண்ணும் தனித்தனியாகக்கூட இல்லை. இருந்த இடத்திலேயே சோறு, இருந்த இடத்திலேயே மற்றதெல்லாம். தொண்ணூற்றொன்றாம் வருஷம் நடக்கிறது. நெடுஞ்சாலையோரம் புதுசு புதுசாகக் கம்பெனி வருகிறது, நிலம் விலை ஏறுகிறது என்று எல்லோரும் குதிக்கிறீர்கள். அந்தச் சாலையிலிருந்து கூப்பிடு தூரத்தில் மாட்டுக்குக்கூட இல்லாத கட்டு மனுஷனுக்கு. உன் நைனா கடைசிக் கழியில் உட்கார்ந்திருந்தார். அழுக்கு லுங்கி, தாடி. சங்கிலி உரசி உரசி கணுக்காலில் தோல் போய் சதை தெரிந்தது. மாத்திரை எங்கே என்று கேட்டதற்கு, அங்கே பிரதர் என்று சொல்லிக்கொள்கிற ஆள், "மாத்திர துன்னா விசுவாசம் கொறஞ்சிடும்" என்றான். விசுவாசத்தோடுதான் நானும் இத்தனை வருஷமாக ஜெபமாலை உருட்டுகிறேன். மாத்திரையும் கொடுத்தேன். இரண்டும் சண்டை போட்டு நான் பார்த்ததில்லை.

"யாரு கொணாந்து வுட்டாங்களோ அவங்க வந்தாத்தான் அனுப்புவோம்" என்றான் அவன். நான் பெண்டாட்டி என்றேன். "பையன்தான் சொல்லிட்டுப் போய்கிறாரு, நாங்க பையனத்தான் கேப்போம்" என்றான். நான் கேட்டேன். "அவருக்கு வாய் கீதே, அவர ஒரு வார்த்த கேட்டியா?" அவன் சிரித்தான். பைத்தியத்தை யாராவது கேட்பார்களா என்று சிரித்தான். உனக்கும் அப்படித்தானே தோன்றியது? மகனே, எனக்கு வயிறு எரிந்ததெல்லாம் அந்தச் சிரிப்பில்தான். ஒருத்தனுக்குக் காதில் சத்தம் கேட்கிறது என்பதற்காக அவன் எங்கே இருப்பது, எதைத் தின்பது, யாரோடு படுப்பது, எப்போது சாவது என்பதையெல்லாம் மற்றவர்கள் முடிவு செய்யலாம் என்று எந்தக் கோயிலில் எழுதி வைத்திருக்கிறது? காதர் பாய்தான் இடுப்பிலிருந்த ஸ்பேனரை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு, "பூட்ட நீ தொறக்கறியா, நான் தொறக்கட்டா? நான் தொறந்தா அப்பறம் பூட்டு ஒதவாது" என்றார். அதற்குப் பிறகு சாவி தானாக வந்தது.

நைனா என்னைப் பார்த்து என்ன சொன்னார் தெரியுமா? "தாஸு எங்க? ஷிஃப்டு முடிஞ்சு வரேன், இங்கியே உக்காரு நைனான்னு சொல்ட்டுப் போனான். இப்ப நாம போய்ட்டா வந்து தேடுவானே" என்றார். கொட்டகையை விட்டு வரமாட்டேன் என்று அடம் பிடித்தார். சங்கிலியைக் கழற்றின பிறகும் வரமாட்டேன் என்றார். நான் தாஸிடம் சொல்லிவிட்டுத்தான் வந்தேன் என்று பொய் சொல்லி அழைத்துவந்தேன். அங்கிருந்து கிளம்பும்போது அடுத்த கழியில் இருந்த ஒரு பெண் என் முந்தானையைப் பிடித்துக்கொண்டாள். உன் ஸ்டெல்லா வயசுதான் இருக்கும். "யக்கா, எங்க வூட்ல சொல்லுக்கா, எனக்கு சரியாய்டுச்சுன்னு சொல்லுக்கா" என்றாள். எந்த ஊர் என்று கேட்பதற்குள் அந்த ஆள் அவள் கையைத் தட்டிவிட்டான். அவள் குரல் இன்னும் என் காதில் இருக்கிறது. எனக்கும் காதில் குரல் கேட்கிறது, என்னையும் கட்டிப்போட வருகிறாயா?

அப்படியே பட்டணத்துக்குப் பஸ் ஏறி, எப்போதும் பார்க்கிற டாக்டரம்மாவிடம் போனோம். நைனாவின் காலைப் பார்த்துவிட்டு அவர் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். "ஒரு மனுஷன இப்படிக் கட்டிப்போட யாருக்கும் உரிமை கிடையாதும்மா. பெத்த புள்ளையா இருந்தாலும் சரி, சாமி பேரச் சொல்றவனா இருந்தாலும் சரி. நீரிழிவு வந்தவரக் கட்டுவாங்களா?" என்றார். அந்தக் கொட்டகையைப் பற்றிக் கலெக்டருக்கு எழுதப் போவதாகச் சொன்னார். நானும் பார்த்ததைப் பார்த்தபடி சொல்லிக் கையெழுத்துப் போட ஒத்துக்கொண்டேன். பிறகு, யார் இவரைக் கொண்டுபோய் விட்டது என்று கேட்டார். காதர் பாய் தலையைக் குனிந்துகொண்டார். ஒரு நிமிஷம் எனக்கு நீ பிறந்த நாள் முதல் எல்லாம் வந்து போயிற்று. உன் பெயரைச் சொன்னேன். தகப்பன் பெயரோடு சேர்த்துத்தான் சொன்னேன்.

இனி உனக்குப் புத்தி சொல்ல வேண்டிய இடம். கல்யாணம் ஆகப் போகிற பிள்ளைக்கு அம்மா எழுதுகிற கடிதத்தில், பெண்டாட்டியை நன்றாக வைத்துக்கொள், செலவைக் குறை, பெரியவர்களை மதி என்றெல்லாம் இருக்கும். நான் வேறு சொல்கிறேன். இந்த வீட்டில் உன் நைனாவுக்கு என்ன உரிமை என்று கேட்டால், உனக்கும் எனக்கும் உள்ள எல்லாமும்தான். அவர் பந்தியில் உட்கார்ந்து இலை போட்டுச் சாப்பிடுவார், கொல்லைப்பக்கம் தட்டில் வைத்துக் கொடுக்க மாட்டார்கள். அவர் மாத்திரையை யாரும் நிறுத்தக்கூடாது, அவர் முகத்துக்கு நேராகக் கேட்காமல் யாரும் கூட்டவும் கூடாது. பிடிக்கவில்லை என்று அவர் சொன்னால் அதற்கு ஒரு மதிப்பு உண்டு. அவரைப் பற்றிப் பேசும்போது அவர் எதிரில் இருந்தால் அவரிடம் பேசு, அவர் தலைக்கு மேலே என்னிடம் பேசாதே. உன் லைனில் நாளைக்கு ஒரு பையன் மெஷின் முன்னால் நின்று தனக்குத்தானே பேசினால், மெண்டல் கேஸ் என்று கேட்டுக்கு வெளியே தள்ளாதே. மெஷினை நிறுத்து, அவனை உட்காரவை, ஆஸ்பத்திரிக்கு அழைத்துக்கொண்டு போ, திரும்பி வந்தால் அதே வேலையைக் கொடு. உன் நைனாவுக்கு அம்பத்தூரில் ஒரு சூப்பர்வைசர் அதைச் செய்திருந்தால் போதும். இப்போது நீ ஒரு சூப்பர்வைசர்.

உன் பொய் எத்தனை நாள் தாங்கும் என்று நினைத்தாய்? நம் ஊர்க் கோயிலில் ஓலை வாசிக்கும்போது எப்படி வாசிக்கச் சொல்லப்போகிறாய்? பூசை உதவி செய்கிற சிறுசுகளுக்குக்கூடச் சவரிமுத்து யாரென்று தெரியும், பாதிப் பேர் சைக்கிள் அவர் கையால் பஞ்சர் போட்டது. படப்பை மார்க்கெட்டில் யாரை நிறுத்திக் கேட்டாலும் வீட்டுக்கு வழி காட்டுவார்கள். பெண் வீட்டார் வீடு பார்க்க வந்த அன்றைக்கு நான் முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு அடுப்படியில் காப்பி போட்டுக்கொண்டிருந்த நேரத்தில் கதையை அளந்துவிட்டாயே, அவ்வளவு சாமர்த்தியம் இருந்தவனுக்கு இந்தக் கணக்கு தெரியாமல் போயிற்றே.

அதனால் நேற்று நான் தண்டலம் போனேன். உன்னைக் கேட்கவில்லை. நீ என்னைக் கேட்டா செய்தாய்? ஸ்டெல்லாவின் அம்மா அப்பா இரண்டு பேரையும், ஸ்டெல்லாவையும் உட்காரவைத்து, உள்ளது உள்ளபடி சொன்னேன். நோயைச் சொன்னேன், மாத்திரையைச் சொன்னேன், சைக்கிள் கடையைச் சொன்னேன், கொட்டகையைச் சொன்னேன். அவள் அப்பாவுக்கு முகம் கறுத்துவிட்டது. எழுந்து வெளியே போய் நின்றுகொண்டார். அம்மா அழுதார். சரி, இந்த இடமும் போயிற்று, போகட்டும், பொய்யில் கட்டுகிற தாலி வேண்டாம் என்று நானும் எழுந்துவிட்டேன்.

அந்தப் பெண்தான் வாசல் வரைக்கும் கூட வந்தாள். "மாமாவுக்கு கால் இப்ப எப்படி கீது அத்தே?" என்று கேட்டாள். ஆறிவிடும் என்றேன். நைனாவின் நோயைப் பற்றி அவள் வேறு ஒன்றும் கேட்கவில்லை. அது பரம்பரையா, பிள்ளைக்கு வருமா என்று நீ பயந்த எதையும் கேட்கவில்லை. ரோட்டில் எனக்குப் பஸ் வருகிறதா என்று எட்டிப் பார்த்தாள். பிறகு கேட்டாள்.

"நாளைக்கு எனுக்கு எதுனா ஒண்ணு ஆச்சுன்னா, இவரு என்னிய எங்க கொண்டும்போய் வுடுவாரு அத்தே?"

உன்னைப் பெற்றவள் நான். எனக்குப் பதில் தெரியவில்லை. அவனையே அனுப்புகிறேன், அவன் வாயால் கேட்டுக்கொள் என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறேன். அடுத்த ஓலை வாசிப்பதற்கு முன்னால் போய்ச் சொல்.

இப்படிக்கு,
சவரிமுத்துவின் மனைவி